மருமகன் வந்து சேரும் வீடு: மட்டக்களப்பு வாவிக்கரையில் புதுமணத் தம்பதியரும் சுற்றத்தாரும்

தமிழ்த் திரைப்படங்களிலும் மேடை நாடகங்களிலும் வார இதழ்த் துணுக்குகளிலும் 'வீட்டோடு மாப்பிள்ளை' நெடுங்காலமாகச் சிரிப்புக்குரிய ஆளாகவே வந்துபோகிறார். மணமானபின் மனைவியின் பிறந்த வீட்டிலேயே தங்கி, மாமனாரின் சோற்றை உண்டு, மைத்துனரின் ஏச்சைக் கேட்டு நாளைக் கழிப்பவர் என்பதே அவரைப் பற்றி வரையப்படும் சித்திரம். மனைவியைத் தன் வீட்டுக்கு அழைத்துவருவதே ஆணுக்கு முறை என்று எண்ணும் சமூகத்தில் அம்முறை தலைகீழாவதுதான் அந்தச் சிரிப்பின் ஊற்று. இலங்கையின் கிழக்குக் கரையில், 50 கிலோமீற்றருக்கும் மேலாக நீண்டு கிடக்கும் மட்டக்களப்பு வாவியின் இரு மருங்கிலும் வாழ்வோருக்கு இந்த நகைச்சுவை அவ்வளவாகப் புரியாது. வாவிக்கும் கடலுக்கும் இடைப்பட்ட எழுவான்கரையிலும், வாவிக்கு மேற்கே வயல்கள் விரியும் படுவான்கரையிலும், மாப்பிள்ளை என்றாலே மனைவியின் வீட்டுக்கு வந்து சேர்பவர் என்றே பொருள். தமிழரும் முஸ்லிம்களும் ஒருங்கே பின்பற்றிவரும் வழக்கம் இது.

ஆயினும் வாவிக்கரையின் புதுமண வாழ்வில் சிரிப்புக்குப் பஞ்சமில்லை. பிற இடங்களில் புதுப்பெண் அனுபவிக்கும் தடுமாற்றங்கள் பலவற்றை இங்கே மாப்பிள்ளை அனுபவிக்கிறார் என்பதும், பிற இடங்களில் மருமகளைச் சுற்றி நிகழும் உறவினர் தலையீடு இங்கே மகளையும் அவள் கணவனையும் சுற்றி நிகழ்கிறது என்பதும் அச்சிரிப்பின் தனித்தன்மை. யார் தலையிடுகிறார், எதில் தலையிடுகிறார், எவ்வளவு உரிமையோடு தலையிடுகிறார் என்பவற்றை மனிதரின் நல்ல குணமும் தீய குணமும் மட்டும் தீர்மானிப்பதில்லை. வீட்டின் உறுதிப்பத்திரம் யார் பெயரில் இருக்கிறது, மணத்துக்குப்பின் இடம்பெயர்ந்தவர் யார், பக்கத்து வீட்டில் குடியிருப்பவர் யார் என்பனவே பெரும்பாலும் தீர்மானிக்கின்றன. இதற்கு மட்டக்களப்பைப் போலத் தெளிவான சான்று தமிழ் வழங்கும் நிலங்களில் அரிது.

குடியும் வளவும்

இவ்வமைப்பின் முதல் தூண் குடி. குடி என்பது தாய்வழியாகத் தொடரும் வமிசக் கூட்டம். பிள்ளை தந்தையின் குடியைச் சேராமல் தாயின் குடியையே சேரும், ஒரே குடியைச் சேர்ந்த ஆணும் பெண்ணும் மணம் செய்துகொள்ளக் கூடாது. உலகிப்போடி குடி, காலிங்கா குடி, பணிக்கனார் குடி என்று பெயர் பெற்ற இக்கூட்டங்களின் சார்பில் இந்துக் கோயில்களில் வண்ணக்கர் எனப்படும் அறங்காவலர் அமர்வர். திருவிழா நாட்களும் குடிக்குக் குடி பங்கிடப்படுவதுண்டு. முஸ்லிம் ஊர்களிலும் தாய்வழிக் குடிகள் உண்டு. பள்ளிவாசல் நிருவாகத்தில் குடிக்கொருவராக மரைக்காயர் அமர்வது அங்குள்ள பழைய மரபு. ஒரு வீட்டில் தந்தை ஒரு குடி, தாயும் பிள்ளைகளும் மற்றொரு குடி என்பதால், புதிதாக வந்து சேரும் மாப்பிள்ளை தன் மனைவியும் மாமியும் பிறக்கப்போகும் பிள்ளைகளும் ஒரு குடியாயிருக்க, தான் வேறு குடியினராய் அவ்வீட்டில் வாழ்கிறார். மாமனாரும் அவ்வாறே வேறு குடியிலிருந்து வந்தவர் என்பது மருமகனுக்குக் கிடைக்கும் முதல் ஆறுதல்; அவ்வீட்டின் நுட்பங்களை மருமகனுக்குச் சொல்லிக்கொடுக்கத் தகுந்த ஆசிரியரும் அவரே.

இரண்டாவது தூண் சீதன வீடு. பெண்ணின் திருமணத்தோடு வீடும், இயன்றவர்களிடத்தில் வயலும், அவளுக்கு உறுதி எழுதிக் கொடுக்கப்படும். சில வேளைகளில் மணமக்கள் இருவர் பெயரிலும் எழுதப்படுவதுண்டு. அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே 1969ஆம் ஆண்டில் தொடங்கி அக்கரைப்பற்றில் தங்கி ஆராய்ந்து, 2008இல் வெளியிட்ட விரிவான நூலிலும் அதற்கு முந்திய கட்டுரைகளிலும் இந்த வீடு கைமாறும் விதத்தை விளக்கியிருக்கிறார். மூத்த மகளுக்கு மணமானதும் புதுமணத் தம்பதியர் சில காலம் அவளுடைய பெற்றோருடன் ஒரே கூரையின் கீழ் வாழ்கின்றனர். பின்னர் பெற்றோரும் மணமாகாத பிள்ளைகளும் அவ்வீட்டை மகளிடம் விட்டுவிட்டு, பெரும்பாலும் அதே வளவிலோ அடுத்த வளவிலோ வேறு வீடு கட்டிக் குடியேறுகின்றனர். அடுத்த மகளுக்கு மணமாகும்போது அந்த இரண்டாவது வீடும் சீதனமாகிறது. வளவு என்பது வேலியால் சூழப்பட்ட மனை. மகள்மாரின் எண்ணிக்கைக்கேற்ப அது துண்டுபட்டு, அக்காவின் வீடும் தங்கையின் வீடும் தாயின் வீடும் அருகருகே அமைய, சின்னம்மா, பெரியம்மா வீடுகளும் கூப்பிடு தொலைவில் வந்து சேர்கின்றன.

இவ்வழக்கத்துக்குப் பின்னால் ஒரு சட்ட வரலாறும் உண்டு. முக்குவர் சட்டம் எனப்பட்ட பழைய வழமைச் சட்டத்தின்படி, ஓர் ஆணின் முதுசம், அதாவது முன்னோரிடமிருந்து வந்த சொத்து, அவனுடைய பிள்ளைகளைச் சேராமல் உடன்பிறந்த சகோதரிகளின் பிள்ளைகளைச் சேரும். கிறிஸ்தோபர் பிரித்தோ அச்சட்டத்தை 1876இல் நூலாக வெளியிட்டார்; அதே ஆண்டின் 15ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் மண உரிமைக்கும் மரபுரிமைக்கும் பொது விதிகளை வகுத்ததால் முக்குவர் சட்டம் நீதிமன்றத்தில் செல்வாக்கிழந்தது. வடமாகாணத் தமிழருக்குத் தேசவழமை இன்றும் சட்டமாயிருக்க, மட்டக்களப்புத் தமிழருக்கு நாட்டின் பொதுச் சட்டமே பொருந்துகிறது. ஆனால் சட்டம் கைவிட்டதை மக்கள் கைவிடவில்லை. முதுசம் சகோதரியின் பிள்ளைகளுக்குப் போகும் முறை மறைந்த பின்னரும், மகளுக்கு மணவேளையில் உறுதி எழுதிக் கொடுப்பதன் வழியாகப் பெண்ணிடமிருந்து பெண்ணுக்கு வீடு கைமாறிக்கொண்டே இருக்கிறது. தமிழ்நாட்டில் காயல்பட்டினம், கீழக்கரை போன்ற கடலோர முஸ்லிம் ஊர்களிலும் மகளுக்கே வீடு என்னும் முறை வழங்குவது இங்கே ஒப்புநோக்கத் தக்கது.

குசினியில் இரண்டு உரிமை

வீடு மகளுக்கு எழுதப்பட்டுவிட்டது. ஆனால் அந்தக் குசினியில் அத்தனை ஆண்டுகளும் சமைத்தவர் தாய். சீனிப் போத்தல் எந்தத் தட்டில், தூள் டப்பா எந்த மூலையில், அடுப்பு எந்தப் பக்கம் சரிந்து எரியும் என்பதெல்லாம் அவருக்கே தெரியும். உரிமை ஒரு நாளில் உறுதியோடு கைமாறிவிட, பழக்கம் கைமாறப் பல ஆண்டுகள் ஆகின்றன. தாய் தம் புதிய வீட்டிலிருந்து பழைய வீட்டுக்குள் நாளைக்குப் பலமுறை நுழைந்து, உப்புக் கூடியதையும் புளி குறைந்ததையும் சொல்லி, மகள் இடம் மாற்றிவைத்த பானையை முன்பிருந்த இடத்தில் வைத்துவிட்டுப் போகிறார், சிறிது நேரத்தில் மகள் அதைத் தன் இடத்துக்கு மீண்டும் நகர்த்துகிறாள். மாமியார் மருமகள் பூசலென்று வேறிடங்களில் பெயர்பெற்றது இங்கே தாய் மகள் கருத்து வேறுபாடாக நிகழ்வதால், அதில் வெறுப்பு ஆழமாக வேர்விடுவதில்லை. காலையில் முகம் திருப்பிக்கொண்ட மகள், பிற்பகலில் வேலிப் பொட்டு வழியாகத் தாய் நீட்டும் இறால் கறியை மறுப்பதில்லை.

இந்தப் பானைப் போராட்டத்தைத் திண்ணையிலிருந்து பார்த்திருக்கும் மாப்பிள்ளை எந்தப் பக்கமும் பேச இயலாத நிலையில் இருக்கிறார். மனைவிக்குச் சார்பாகப் பேசினால் தாயையும் மகளையும் பிரித்தவர் என்ற பெயர் வரும். மாமிக்குச் சார்பாகப் பேசினால் மனைவி அன்றைக்குப் பேசமாட்டாள். ஆகவே அனுபவமுள்ள மருமகன்மார் அவ்வேளையில் வயலைப் பார்க்கவோ தோணியைப் பார்க்கவோ புறப்பட்டுவிடுகின்றனர். மாமனார் ஏற்கெனவே படலையைத் தாண்டிப் போயிருப்பார்.

சாப்பாட்டு விடயத்திலும் வளவு முழுவதற்கும் அக்கறை உண்டு. புதுமாப்பிள்ளை எத்தனை அகப்பை சோறு உண்டார், நண்டுக் கறியைத் தொட்டாரா, எருமைத் தயிரைக் கடைசியில் கேட்டாரா என்னும் செய்தி, அவர் கைகழுவுமுன் சின்னம்மா வீட்டைச் சென்றடைகிறது. குறைவாக உண்டால் அவருக்கு இந்த வீட்டுச் சமையல் பிடிக்கவில்லை என்றும், நிறைய உண்டால் தாய் வீட்டில் சரியாகப் போடவில்லை என்றும் விளக்கம் கிடைக்கும். இரண்டு விளக்கங்களும் அன்பிலிருந்து பிறந்தவை. வந்து சேர்ந்தவர் நிலைத்திருக்க வேண்டுமே என்னும் கவலையே அந்தக் கணக்கெடுப்பின் உட்பொருள்.

வெட்கமும் பகிடியும்

ஒரே வளவில் இத்தனை நெருக்கமாக வாழ்வோர் நாள்தோறும் மோதிக்கொள்ளாமல் இருப்பதற்கு அந்தச் சமூகம் இரண்டு வழிகளை வகுத்திருக்கிறது. மாமிக்கும் மருமகனுக்கும் இடையில் வெட்கமும் ஒதுக்கமும். மச்சான்மாருக்கும் மச்சாள்மாருக்கும் இடையில் பகிடி. பிரித்தானிய மானிடவியலாளர் ராட்கிளிஃப் பிரவுன் 1940இல் எழுதிய கட்டுரையொன்றில், மாமியாரை ஒதுங்கி மதிப்பதும் மைத்துனரைக் கேலி செய்வதும் ஒரே சிக்கலுக்கான இரண்டு தீர்வுகள் என்று காட்டினார். திருமணம் இரு குடும்பங்களை இணைக்கிறது, அதே வேளை அவற்றின் நலன்கள் வேறுபட்டே இருக்கின்றன. பூசல் எழக்கூடிய இடத்தில் ஒன்று பேச்சைக் குறைக்க வேண்டும், அல்லது எதைச் சொன்னாலும் கோபப்படக் கூடாது என்று விதிக்க வேண்டும் என்பது அவர் வாதம். ஆப்பிரிக்கச் சமூகங்களை மனத்திற்கொண்டு எழுதப்பட்ட அக்கருத்து வாவிக்கரை வளவுக்கு அப்படியே பொருந்துகிறது.

பழைய வழக்கில் மாமி மருமகனோடு நேராகப் பேசுவதில்லை. அவர் விறாந்தையில் உண்ணும்போது மாமி கதவுக்குப் பின்னால் நின்று, பக்கத்தில் விளையாடும் குழந்தையிடம், "இன்னும் கொஞ்சம் சோறு வேணுமா எண்டு கேளு மனே" என்பார்; மருமகனும் தம் விடையைக் குழந்தையிடமே சொல்வார். மூவரும் ஒருவர் குரலை மற்றவர் தெளிவாகக் கேட்டிருந்தும், குழந்தை அதே சொற்களை இரு பக்கமும் திரும்பிச் சொன்ன பிறகே சோறு வரும். குழந்தை இல்லாத வேளையில் தூணையோ பூனையையோ முன்னிறுத்திப் பேசுவதும் உண்டு. பார்ப்பவர்க்குச் சிரிப்பூட்டும் இந்த ஏற்பாடு, அருகருகே வாழும் இருவருக்கிடையே கடுஞ்சொல் பிறக்க இடமின்றி ஆக்கிவிடுகிறது. நேராகப் பேசாதவர்கள் நேராகச் சண்டையிடவும் முடியாது. படித்த இளைய தலைமுறையில் இவ்வொதுக்கம் வெகுவாகத் தளர்ந்துவிட்டபோதிலும், மாமி வருகையில் மருமகன் நாற்காலியில் நிமிர்ந்து உட்காருவது இன்னும் போய்விடவில்லை.

பகிடி இதற்கு நேர்மாறானது. மனைவியின் தம்பியும் தங்கைகளும் புதுமாப்பிள்ளையின் செருப்பை ஒளிப்பர், தேநீரில் சீனிக்குப் பதில் உப்பிடுவர், அவருடைய ஊர்ப் பேச்சைப் போலப் பேசிக்காட்டுவர். அவர் சினங்கொண்டால் தோல்வி அவருக்கே. ஒரே ஊரில் ஒன்றாக வளர்ந்த மாமன் மகளை மணந்திருந்தாலும் இந்தச் சோதனையிலிருந்து விலக்கில்லை. மச்சானும் மச்சியும் மாறி மாறிப் பாடுவதாக அமைந்த நாட்டார் கவிகளால் மட்டக்களப்பு புகழ்பெற்றிருப்பதும், அக்கவிகளில் கேலியும் காதலும் பிரிக்க முடியாதபடி கலந்திருப்பதும் இந்த உறவுமுறையின் இயல்பான விளைச்சலே.

இவ்விரண்டுக்கும் நடுவே இன்னோர் உறவு நிற்கிறது. அக்காள் தங்கையரை மணந்த ஆண்கள் ஒருவருக்கொருவர் சகலர். வெவ்வேறு குடும்பங்களிலிருந்து வந்து, தாம் தேர்ந்தெடுக்காத அயலவராக ஒரே வளவில் வாழும் இவர்களை வளவுப் பெண்கள் ஓயாமல் ஒப்பிடுகின்றனர். மூத்த மருமகன் கிணற்றுக் கட்டைப் பூசிக்கொடுத்தால், இளைய மருமகன் வேலியைப் புதிதாக அடைத்துக் கொடுக்கும்வரை அவருடைய மனைவிக்கு அமைதியில்லை. மாமனார் வீட்டுக் கூரை ஒழுகாமல் இருப்பதற்குச் சகலரின் போட்டி பல இடங்களில் காரணமாயிருக்கிறது. பணிகள் முடிந்தபின் இருவரும் ஒன்றாக அமர்ந்து வெற்றிலை போட்டு மனம்விட்டுப் பேசும்போது, அந்த வளவில் தம் நிலையை முழுதாக விளங்கிக்கொண்ட ஒரே மனிதர் மற்றவரே என்பதை உணர்கின்றனர்.

வாவிக்கு அக்கரையில் ஒரு தாய்

இக்கதையில் அதிகம் பேசப்படாதவர் மாப்பிள்ளையின் தாய். மகன் மணமாகி வேறு வீடு சேர்ந்துவிட, திருமணத்தின் பின் தம்பதியர் மாப்பிள்ளை வீட்டுக்கு முறையாக வந்து தங்கிச் செல்லும் 'கால்மாறிப் போதல்' என்னும் சடங்கே அவருக்கு மருமகளைத் தம் கூரையின் கீழ் வைத்து உபசரிக்கும் சிறப்பு வாய்ப்பாக அமைகிறது. அதற்குப்பின் மகன் அங்கே விருந்தாளி. அவன் எப்போது வந்தாலும் தாயின் கண்ணுக்கு மெலிந்தே தெரிகிறான். மனைவி வீட்டில் வயிறார உண்டுவிட்டு வந்தவன் தாயின் மனம் நோகாதிருக்க இரண்டாம் முறையும் உண்கிறான், திரும்பிச் சென்றதும் மனைவி எடுத்துவைத்த சோற்றையும் மறுக்க முடியாமல் மூன்றாம் முறை உட்காருகிறான். புதுமாப்பிள்ளைமார் முதல் ஆண்டில் பருத்துப்போவதற்கு இருவீட்டு அன்பும் பொறுப்பு.

முன்னாட்களில் வாவியே தலையீட்டுக்கு ஒரு கட்டுப்பாடாக இருந்தது. படுவான்கரைத் தாய் எழுவான்கரையில் மணமுடித்த மகனைப் பார்க்க மண்முனையில் பாதைக்காகக் காத்திருக்க வேண்டியிருந்தது. பாதை என்பது வாவியில் ஆட்களையும் வண்டிகளையும் ஏற்றிக் கடக்கும் மிதவை. 2014இல் மண்முனைப் பாலம் திறக்கப்பட்டபின் அந்தக் காத்திருப்பு மறைந்துவிட, பேருந்தோ மோட்டார் சைக்கிளோ சில நிமிடங்களில் மறுகரை சேர்க்கிறது. அறிவித்துவிட்டு வந்த தாய் இப்போது அறிவிக்காமலும் வரலாம். கைத்தொலைபேசி அந்தத் தூரத்தையும் நீக்கிவிட்டது. மத்திய கிழக்கில் வேலைக்குச் சென்ற கணவன் மனைவிக்குக் காணொளி அழைப்பெடுத்தால், மனைவியின் தோளுக்குப் பின்னால் மாமியும் சின்னம்மாவும் மச்சாள்மாரும் வரிசையாக நின்று நலம் விசாரிக்க, அழைப்பு முடியுமுன் "விசேஷம் ஏதும் உண்டா" என்ற கேள்வியும் வந்துவிடுகிறது. விசேஷம் என்பது இங்கே கருவுற்ற செய்தி; கணவன் கட்டாரில் இருப்பது கேட்பவர்க்குத் தடையாகத் தோன்றுவதில்லை.

முறைப்பெண்ணை மணந்த இடத்தில் உறவினர் தலையீடு இன்னும் சுவையானது. தந்தையின் சகோதரி மகளையோ தாயின் சகோதரன் மகளையோ மணப்பது விரும்பப்படும் முறையாதலால், இரு குடிகள் தலைமுறை தலைமுறையாகப் பெண் எடுத்தும் கொடுத்தும் 'கொண்டான் கொடுத்தான்' உறவில் பிணைந்திருக்கும். அப்போது மாப்பிள்ளையின் மாமி அவருடைய தந்தையின் தங்கையாகவும் இருப்பார். தம்பதியரிடையே பிணக்கு வந்தால் நடுநிலையாளர் என்று ஒருவரைக் கண்டுபிடிக்க முடியாது; சமாதானம் செய்ய வரும் ஒவ்வொருவரும் இருவருக்கும் உறவினராயிருப்பதால், முதலில் கணவனைக் கண்டித்து, பிறகு மனைவியைக் கண்டித்து, இறுதியில் இருவருடைய பெற்றோரும் சிறுவயதில் செய்த பிழைகளைச் சொல்லிமுடித்து எழுந்து செல்வர். அதற்குள் தம்பதியருக்குத் தம் பிணக்கின் காரணம் மறந்திருக்கும்.

பாயோடு ஒட்டியவர்கள்

மட்டக்களப்பார் வெளியூர் ஆண்களைப் 'பாயோடு ஒட்டவைத்துவிடுவர்' என்று யாழ்ப்பாணத்தில் ஒரு பேச்சு நெடுங்காலமாக வழங்கிவருகிறது. உத்தியோகத்துக்காகக் கிழக்கே போன ஆண்மகன் அங்கே மணமுடித்துத் திரும்பி வராமற்போனால், அது மந்திரத்தின் வேலை என்று அவன் வீட்டார் விளக்கம் சொல்லினர். அவன் தங்கியதை விளக்க மந்திரம் தேவையில்லை. வீடும் வயலும் சீதனமாகக் காத்திருக்க, அரவணைத்து உபசரிக்கும் பெரிய சுற்றம் ஒரே வளவில் கூடியிருக்க, மணமான ஆண் மனைவியின் ஊரில் தங்குவதே அங்குள்ள முறையாயிருக்க, அவன் தங்கினான். ஒரு சமூகத்தின் குடும்ப அமைப்பை விளங்கிக்கொள்ளாதபோது அதைச் சூனியம் என்று அழைப்பது அந்த மக்களுக்கு, சிறப்பாக அந்தப் பெண்களுக்கு, இழைக்கப்படும் அநீதி. சிரிப்போடு சொல்லப்பட்டாலும் இப்பேச்சு கைவிடத்தக்கதே.

அன்பின் விலை

தலையீட்டின் இனிய பக்கத்தை மட்டும் சொல்லி முடிப்பது முழு உண்மையாகாது. மகளுக்கு வீடு கட்டிக் கொடுக்கும் கடமை பெற்றோரைக் கடனில் ஆழ்த்துகிறது. சகோதரிகளுக்கு வீடு முடியும்வரை அண்ணன் தம்பிமாரின் திருமணம் தள்ளிப்போகிறது. பாலைவன நாடுகளில் உழைக்கும் இளைஞர் பலரின் சம்பளம் சகோதரியின் வீட்டுச் சுவராக எழுகிறது. அவ்வீட்டில் அண்ணன் உரிமையோடு தலையிட்டுப் பேசும்போது, அச்சுவரில் கரைந்த அவனுடைய இளமையையும் நினைக்க வேண்டும். நிலம் சுருங்கிய காத்தான்குடி போன்ற ஊர்களில் அடுத்த மகளுக்கு அடுத்த வீடு என்பது அடுத்த மாடியாக மாறி, படிக்கட்டே படலையாகிவிட்டது. வீடு பெண்ணுடையதாயினும் முடிவெடுக்கும் அதிகாரம் முழுதும் அவளுடையதென்று கொள்ளவும் முடியாது. கிழக்கிலங்கையில் பெண்கள் தலைமை தாங்கும் குடும்பங்களை ஆராய்ந்து கஞ்சனா ருவன்புர 2006இல் வெளியிட்ட நூல், தாய்வழி முறை நிலவும் இடத்திலும் ஆணாதிக்கம் வலுவாக இருப்பதை எடுத்துக்காட்டியது.

இருந்தும் இவ்வமைப்பு எதைக் காத்துவந்தது என்பது அது குலைந்தபோது தெரிந்தது. 2004 டிசம்பர் 26ஆம் திகதி வந்த ஆழிப்பேரலை நாவலடி, கல்லடி முதலிய கரையோரக் குடியிருப்புகளை அழித்தபின், கிழக்கில் கடலிலிருந்து 200 மீற்றருக்குள் மீளக் கட்டுவது முதலில் தடுக்கப்பட்டு, மக்கள் திராய்மடு போன்ற புதிய இடங்களில் குடியமர்த்தப்பட்டனர். 'குடும்பத் தலைவர்' என்ற நிருவாக வழக்கம் பெரும்பாலும் ஆணையே குறித்ததால், தாயிடமிருந்து வந்த சீதன வீட்டை இழந்த பெண்ணுக்குக் கணவன் பெயரில் வீடு கிடைக்கும் நிலை தோன்றியது. பட்டியல் வரிசைப்படி வீடுகள் பங்கிடப்பட்ட இடங்களில் அக்காளும் தங்கையும் வெவ்வேறு வீதிகளுக்குப் பிரிந்தனர். குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் வேலிக்கு அப்பாலிருந்து ஓடிவர ஆளில்லை; கணவன் கைநீட்டினால் அடுத்த நிமிடம் வந்து கேட்கவும் ஆளில்லை. உள்நாட்டுப் போர்க்காலத்தில் கணவனை இழந்த பெண்கள் பலர் தம் பெயரிலிருந்த வீட்டிலும் தாய், சகோதரிமாரின் துணையிலும் பிள்ளைகளை வளர்த்தெடுத்ததை நினைக்கும்போது, அந்த நெருக்கத்தின் அருமை இன்னும் தெளிவாகும்.

புதுமணத் தம்பதியருக்கு உறவினர் தரும் தொல்லையை மதிப்பிட ஒரு கேள்வி போதும்: அந்தத் தொல்லையின் நடுவே நிற்கும் பெண் யாருடைய வீட்டில் நிற்கிறாள்? பிறர் வீட்டில் தனித்து நிற்பவள்மீது பாயும் தலையீடு அடக்குமுறையாக மாற அதிக காலம் எடுப்பதில்லை. தன் பெயரில் உறுதியுள்ள வீட்டில், தன் தாயும் சகோதரிகளும் அருகிருக்க நிற்பவளுக்கு அதே தலையீடு பெரும்பாலும் சலிப்பும் சிரிப்புமாகவே முடிகிறது, எல்லை மீறும் வேளையில் கதவைச் சாத்தும் உரிமையும் அவளிடமே இருக்கிறது. ஆகவே மட்டக்களப்புக் குடும்பங்கள் விட்டுவிட வேண்டியது அண்ணன்மாரின் இளமையை விழுங்கும் ஆடம்பரச் சீதனப் போட்டியை; காத்துக்கொள்ள வேண்டியது மகள் பெயரில் எழுதப்படும் உறுதியை. புதிய வீட்டுத் திட்டங்களை வகுக்கும் அதிகாரிகள் அந்த உறுதியில் பெண்ணின் பெயரை எழுதுவதும், சகோதரிகளுக்கு அருகருகே மனை ஒதுக்குவதும் இந்த மண்ணின் நெடுங்கால அறிவுக்குத் தரும் மதிப்பாகும். உப்பைப் பற்றியும் பானையைப் பற்றியும் தாயும் மகளும் அதற்குப் பிறகு நிம்மதியாக வாதாடிக்கொள்ளலாம்.